செஞ்சோற்றுக் கடன் யாருக்கு? – வாசகர் கேள்வி பதில்

(அமெரிக்க உள்நாட்டுப் போரில் தென் மாநிலப் படையை நடத்திய ராபர்ட் லீ வேறு வழியில்லாமல்தான் தெற்கே போனார் என்பதை நான் ஏற்கவில்லை என்று சென்ற இதழில் இரண்டு வரி எழுதியிருந்தேன். கடிதங்கள் குவிந்துவிட்டன, பாதி வசவு. ஆகவே இந்த முறை முழுக்க முழுக்க அந்தத் தளபதிகள்தான்.)

தோற்பது உறுதி என்று தெரிந்தும் சொந்த மண்ணுக்காகப் போரிட்ட கும்பகர்ணன் அல்லவா லீ? அவரைப் போய்க் குறை சொல்கிறீர்களே! (மதுரை வாசகர்)

கும்பகர்ணனை இழுத்தது நல்லதாகப் போயிற்று, கணக்குப் பார்க்க வசதி. அவன் தின்றது அண்ணன் சோறு, செத்ததும் அண்ணனுக்காக. லீ தின்றது யார் சோறு? 1825-இல் வெஸ்ட் பாயிண்ட் ராணுவக் கல்லூரியில் சேர்ந்தது முதல் 1861 ஏப்ரல் வரை அவருடைய படிப்பு, சீருடை, சம்பளம் எல்லாமே அமெரிக்க அரசின் கருவூலத்திலிருந்து வந்தவை. இடையில் அதே கல்லூரிக்குத் தலைவராகவும் இருந்தார். 1861 மார்ச்சில் அவரைக் கர்னலாக உயர்த்திய ஆணையில் கையெழுத்திட்டவர் லிங்கன். செஞ்சோற்றுக் கடன் என்று பேச ஆரம்பித்தால் அந்தக் கடன் யாருக்கு என்பதில் சந்தேகமே இல்லை.

அடுத்து, தேதிகளைப் பாருங்கள். ஏப்ரல் 17 அன்று லீயின் சொந்த மாநிலமான விர்ஜீனியாவின் மாநாடு அமெரிக்காவை விட்டுப் பிரிந்து போவதென்று தீர்மானித்தது. மறுநாள் வாஷிங்டனில் லிங்கனின் சார்பாகப் பிரான்சிஸ் பிளேர் லீயை அழைத்து, ஒன்றியப் படையின் (அதாவது பிரியாமல் நின்ற வடக்கு அரசின் படை) தலைமையை ஏற்றுக்கொள்ளுங்கள் என்றார். லீ மறுத்துவிட்டு, நேரே தம் மேலதிகாரி வின்ஃபீல்ட் ஸ்காட்டைப் பார்க்கப் போனார். ஸ்காட்டும் விர்ஜீனியாக்காரர்தான், 74 வயது, ஒன்றியத்தை விட்டு அசையாதவர். ஏப்ரல் 20 அன்று லீயின் ராஜினாமா. 23 அன்று ரிச்மண்டில் விர்ஜீனியப் படைக்குத் தலைமை ஏற்றாகிவிட்டது. விர்ஜீனியா மக்கள் பிரிவினைக்கு வாக்களித்ததோ மே 23. மக்கள் தீர்ப்புக்குக் கட்டுப்பட்டார் என்பவர்கள் அந்த ஒரு மாத இடைவெளியைப் பற்றி மூச்சு விடுவதில்லை.

உறவினருக்கும் பிள்ளைகளுக்கும் வீட்டுக்கும் எதிராகக் கை ஓங்க மனம் வரவில்லை என்று பால்டிமோரில் இருந்த தமக்கை ஆனுக்கு எழுதினார். படிக்கும்போது நமக்கும் மனம் இளகும். ஆனால் அந்தத் தமக்கையின் மகன் ஒன்றியப் படையில் சேர்ந்தவன். லீயின் உறவினர் சாமுவேல் பிலிப்ஸ் லீ, ஒன்றியக் கடற்படையிலேயே இருந்துவிட்டவர். உறவு இரண்டு பக்கமும் இருந்தது. எந்த உறவு என்பதை அவர்தான் தேர்ந்தெடுத்தார்.

வீடு என்றாரே, அந்த ஆர்லிங்டன் மாளிகை மனைவி வழி வந்தது. 1857-இல் இறந்த மாமனார், தம் அடிமைகளை ஐந்து ஆண்டுகளுக்குள் விடுவிக்க வேண்டும் என்று உயில் எழுதியிருந்தார். ஏறக்குறைய இருநூறு பேர். உயிலை நிறைவேற்றும் பொறுப்பு லீயிடம். அவர் அந்தக் கெடு முடியும்வரை வேலை வாங்கி, விடுதலைப் பத்திரத்தை 1862 டிசம்பர் 29 அன்றுதான் எழுதிக் கொடுத்தார். நடுவில் 1859-இல் மூன்று பேர் தப்பி ஓடிப் பிடிபட்டார்கள். அவர்களில் ஒருவரான வெஸ்லி நோரிஸ், லீ நின்று பார்த்திருக்கச் சவுக்கடி விழுந்ததென்றும், பிறகு புண்பட்ட முதுகை உப்பு நீரால் கழுவச் சொன்னார் என்றும் 1866-இல் வாக்குமூலம் கொடுத்தார். சொந்த மண் என்று சொல்லும்போது அந்த மண்ணில் யார் உழுதார்கள் என்பதையும் சேர்த்துத்தானே சொல்ல வேண்டும்?

வேறு வழி இருந்தது என்கிறீர்கள். அப்படி வேறு வழியில் போன தெற்கத்தியர் ஒருவரைக் காட்டுங்கள் பார்ப்போம். (திருச்சி, கல்லூரி மாணவர்)

தம்பி, 1855-இல் அமெரிக்க அரசு இரண்டாம் குதிரைப்படை என்ற ரெஜிமெண்டைப் புதிதாக அமைத்தது. அதில் மேல்நிலை அதிகாரிகள் நால்வர்: ஆல்பர்ட் சிட்னி ஜான்ஸ்டன், ராபர்ட் லீ, வில்லியம் ஹார்டி, ஜார்ஜ் ஹென்றி தாமஸ். ஆறே ஆண்டில் முதல் மூவரும் தெற்கே போனார்கள். ஒன்றியத்தோடு நின்றவர் தாமஸ் மட்டும்.

அவரும் விர்ஜீனியாதான். 1816-இல் சவுத்தாம்ப்டன் மாவட்டத்தில் பிறந்தவர். 1831-இல் நாட் டர்னர் தலைமையில் அடிமைகள் கிளர்ந்தெழுந்தது அதே மாவட்டத்தில்தான். பதினைந்து வயதுப் பையன் தாயோடும் சகோதரிகளோடும் வீட்டை விட்டுத் தப்பி ஓடினான். வளர்ந்து அவரும் அடிமைகளை வைத்திருந்தார். தெற்கே போவதற்கான காரணங்கள் எல்லாம் லீயைப் போலவே அவருக்கும் இருந்தன. 1861 ஜனவரியில் விர்ஜீனியா ராணுவப் பயிற்சிக் கல்லூரியில் வேலை கேட்டு விண்ணப்பம்கூடப் போட்டிருந்தார். மனம் அலைபாயாமல் இருந்திருக்காது. ஆனால் போர் வந்தபோது பிரமாணம் எடுத்த இடத்திலேயே நின்றார்.

செய்தி ஊருக்குப் போனது. சகோதரிகள் அவருடைய படத்தைச் சுவர்ப் பக்கம் திருப்பி வைத்தார்கள். கடிதங்களை எரித்தார்கள் என்றும் சொல்வார்கள். மெக்சிகோ போரில் காட்டிய வீரத்துக்காக ஊர்க்காரர்கள் பரிசளித்த வாள் அந்த வீட்டில்தான் இருந்தது. அது அவர் கைக்குத் திரும்பவே இல்லை. தெற்கின் குதிரைப்படைத் தளபதி ஸ்டூவர்ட், தாமஸைப் பிறந்த மாநிலத்துக்குத் துரோகம் செய்தவனாகத் தூக்கிலிட ஆசை என்று மனைவிக்கு எழுதினார். சொன்னவரும் அதே ஒன்றியப் பிரமாணத்தை எடுத்து, பிறகு உதறியவர்தான்!

தாமஸைப் பாராட்டுவீர்கள் என்று எதிர்பார்த்தேன். உடன்பிறந்தாரை விட்டு எதிரியிடம் போய் முடிசூட்டிக்கொண்ட விபீஷணன்தானே அவர்? (தென்காசி வாசகி)

அம்மா, முடி எங்கே கிடைத்தது? அதைத்தான் நானும் தேடுகிறேன்.

1863 செப்டம்பர் 20. ஜார்ஜியாவில் சிக்கமாகா ஆற்றங்கரை. ஒன்றியப் படையின் வலப்பக்கம் நொறுங்கித் தலைமைத் தளபதி ரோஸ்கிரான்ஸே சட்டநூகாவுக்கு ஓடிவிட்டார். தாமஸ் மட்டும் ஸ்னாட்கிராஸ் குன்றில் சிதறிய படைகளைத் திரட்டி மாலை வரை பிடித்து நிறுத்தினார். ‘சிக்கமாகாவின் பாறை’ என்ற பட்டம் அன்று வந்தது. அதற்கு அடுத்த ஆண்டு டிசம்பரில் நாஷ்வில். தரையெல்லாம் பனிக்கட்டி, குதிரை கால் வைத்தால் வழுக்குகிறது. பனி இளகட்டும் என்று தாமஸ் காத்திருந்தார். மேலிடத்தில், ஒன்றியப் படைகளுக்கெல்லாம் தலைவரான கிராண்டுக்குப் பொறுமை இல்லை. தந்தி மேல் தந்தி அடித்தார், கடைசியில் தாமஸை மாற்ற இன்னொரு தளபதியை ரயிலேற்றியும் அனுப்பிவிட்டார். அந்த ஆள் வந்து சேருமுன்பே, டிசம்பர் 15, 16 தேதிகளில் எதிர்ப்படையைத் தாமஸ் சிதறடித்துவிட்டார். எதிரே நின்ற ஹூட், வெஸ்ட் பாயிண்டில் தாமஸின் மாணவர்.

தெற்கில் துரோகி, வடக்கில் ‘மெதுவானவர்’. 1870-இல் சான் பிரான்சிஸ்கோவில் இறந்தார். மனைவியின் ஊரான நியூயார்க் மாநிலத்து டிராயில் அடக்கம். அதற்குள் ஜனாதிபதியாகிவிட்ட கிராண்ட் வந்திருந்தார், விர்ஜீனியாவிலிருந்து பிறந்த வீட்டார் எவரும் வரவில்லை. விபீஷணனுக்கு இலங்கையாவது மிஞ்சியது.

லீயின் குதிரை பெயர் என்ன?

டிராவலர். சாம்பல் நிறம். அடுத்தவர்.

வடக்கே பிறந்து தெற்குக்குப் போனவர்கள் உண்டா? (கோவை வாசகர்)

உண்டு. ஜான் பெம்பர்ட்டன் பிலடெல்பியாக்காரர். மனைவி விர்ஜீனியப் பெண். இரண்டு தம்பிகள் ஒன்றியப் படையில் இருந்தார்கள். விக்ஸ்பர்க் கோட்டையை அவர் 1863 ஜூலை 4 அன்று, அமெரிக்கச் சுதந்திர நாளாகப் பார்த்து, கிராண்டிடம் ஒப்படைத்தார். உடனே தெற்கத்தியர்கள் ‘வடக்கன்தானே, விற்றுவிட்டான்’ என்றார்கள். அவரோ லெப்டினென்ட் ஜெனரல் பதவியைத் துறந்து, வெறும் லெப்டினென்ட் கர்னலாகப் பீரங்கிப் படையில் போய் மிச்சப் போரையும் நடத்தினார். அவர் சேர்ந்த பக்கம் எனக்குப் பிடிக்காது. அந்தப் பிடிவாதத்தை மட்டும் மதிக்கிறேன்.

ஒரே குடும்பத்தில் மாமனார் ஒரு பக்கம், மருமகன் ஒரு பக்கம் என்று உண்மையிலேயே நடந்ததா? (சேலம் வாசகி)

மேலே தூக்கிலிட ஆசைப்பட்டாரே ஸ்டூவர்ட், அவர் வீட்டிலேயே நடந்தது. மாமனார் பிலிப் செயின்ட் ஜார்ஜ் குக் விர்ஜீனியாக்காரர், ஆனால் ஒன்றியத்தோடு நின்றார். மகன் ஜான் குக், மருமகன் ஸ்டூவர்ட் இருவரும் தெற்குத் தளபதிகள். 1860-இல் பிறந்த பிள்ளைக்கு ஸ்டூவர்ட் ஆசையாக மாமனார் பெயரை வைத்திருந்தார். செய்தி தெரிந்ததும் பெயரை மாற்றித் தம் பெயரையே வைத்துவிட்டார். ‘அவர் இதற்கு ஒரே ஒரு முறைதான் வருந்துவார், அந்த வருத்தம் ஓயவே ஓயாது’ என்று மைத்துனருக்குக் கடிதம் வேறு.

1862 ஜூனில் ஸ்டூவர்ட் ஒன்றியப் படையை ஒரு சுற்றுச் சுற்றி வந்து அவமானப்படுத்தினார். துரத்திப் பிடிக்கப் போய்க் கோட்டைவிட்டவர் மாமனார்! நடுவில் அகப்பட்டவள் குக்கின் மகள் புளோரா. 1864 மே மாதம் ஸ்டூவர்ட் குண்டடிபட்டு இறந்தார். அவள் கடைசி வரை கறுப்பு உடையைக் களையவில்லை. குக் 1895 வரை வாழ்ந்தார்.

தோற்ற தளபதிகளைத் தண்டிக்கவே இல்லையா? (சென்னை வாசகர்)

லீ மீது 1865 ஜூனில் தேசத்துரோகக் குற்றச்சாட்டு பதிவானது. சரணடைந்தவர்களைத் தொடமாட்டோம் என்று நான் வாக்குக் கொடுத்திருக்கிறேன், மீறினால் பதவி விலகுவேன் என்று கிராண்ட் பிடிவாதம் பிடித்தார். வழக்கு நகரவில்லை. லீ அதே ஆண்டு அக்டோபரில் விசுவாசப் பிரமாணத்தில் கையெழுத்திட்டு அனுப்பினார். அந்தத் தாள் எங்கோ கட்டுக்குள் போய், 1970-இல்தான் அகப்பட்டது. குடியுரிமை 1975-இல் திரும்பி வந்தது. அரசு அலுவலகம் எங்கேயும் அரசு அலுவலகம்தான். ஆர்லிங்டன் மாளிகையைச் சுற்றி 1864-இலேயே போர்வீரர்களுக்கான கல்லறைகளைத் தோண்டத் தொடங்கிவிட்டார்கள். தண்டனை என்றால் அது ஒன்றுதான்.

தெற்குக்காகப் போரிட்டுவிட்டு மனம் மாறிய தளபதி எவரேனும்? (ஈரோடு வாசகர்)

ஜேம்ஸ் லாங்ஸ்ட்ரீட். லீயின் வலக்கை, சிக்கமாகாவில் தாமஸின் எதிரே நின்றவரும் இவர்தான். போர் முடிந்ததும், தோற்றுவிட்டோம், கறுப்பினத்தவர் வாக்குரிமை உட்படச் சட்டத்தை ஏற்றுக்கொள்வோம் என்று 1867-இல் பத்திரிகையில் எழுதினார். லிங்கனின் கட்சியில் சேர்ந்தார். பழைய நண்பர் கிராண்ட் ஜனாதிபதியானதும் நியூ ஆர்லியன்ஸ் சுங்கத்துறையில் பதவி கொடுத்தார். 1874 செப்டம்பர் 14 அன்று ‘வெள்ளையர் சங்கம்’ மாநில அரசைக் கவிழ்க்க ஆயுதத்தோடு கிளம்பியபோது, பெரும்பாலும் கறுப்பின வீரர்களைக் கொண்ட படைக்கும் போலீசுக்கும் தலைமை தாங்கி நகர வீதியில் எதிர்த்து நின்றார். கூட்டத்தில் பழைய தெற்கு வீரர்களும் இருந்தார்கள். அவரைக் குதிரையிலிருந்து இழுத்துக் கீழே தள்ளிப் பிடித்துப் போனார்கள்.

1863-இல் கெட்டிஸ்பர்க் போரில் லீயின் படை தோற்றதற்கு லாங்ஸ்ட்ரீட்டின் தாமதமே காரணம் என்ற பேச்சு உரக்கக் கிளம்பியதும் இந்தக் காலத்தில்தான், அதுவும் லீ 1870-இல் கண்ணை மூடிய பிறகு. லீ உயிரோடு இருந்தவரை அவர்மேல் பழி போட்டதில்லை. தெற்கெங்கும் லீக்குச் சிலைகள் முளைத்தன. லாங்ஸ்ட்ரீட்டுக்குக் கெட்டிஸ்பர்க் களத்தில் ஒரு சிலை வைக்க 1998 வரை ஆயிற்று. மதுரை வாசகர் அடுத்த கடிதத்தில் இவர் யார் என்று கேட்டு எழுதட்டும். இராவணன் பக்கத்தில் இவருக்கு ஒத்த ஆள் எனக்கு அகப்படவில்லை.