அடகுக்குப் போன ரேஷன் கார்டு

கேள்வி: எங்கள் ஊர் மேலூர் பக்கம் ஒரு கிராமம். நான் திருப்பூரில் பனியன் கம்பெனியில் வேலை பார்க்கிறேன். 72 வயதான அம்மா ஊரில் தனியாக இருக்கிறார். அவருடையது அந்தியோதயா கார்டு, மாதம் 35 கிலோ அரிசி உண்டு. போன வருடம் உடம்புக்கு முடியாமல் போனபோது, தெருவில் வட்டிக்கு விடும் ஒரு அம்மாளிடம் 3,000 ரூபாய் பத்து வட்டிக்கு வாங்கி, ரேஷன் ஸ்மார்ட் கார்டை அடமானமாகக் கொடுத்திருக்கிறார். எனக்குச் சொல்லவே இல்லை. முதல் ஐந்து மாதம் அந்த அம்மாள் மாதம் ஒருமுறை அம்மாவைக் கடைக்குக் கூட்டிப்போய் விரல் வைக்கச் சொல்லி, அரிசியை அவரே எடுத்துக்கொண்டாராம். அதற்குப் பிறகு கூப்பிடவே இல்லை. பொங்கலுக்கு ஊருக்குப் போனபோது கடையில் கேட்டேன். விற்பனையாளர், ‘மாசா மாசம் பொருள் வாங்கியிருக்கீங்களே’ என்கிறார். 14 மாதமாக வட்டி மட்டும் 4,200 ரூபாய் கட்டியாகிவிட்டது. கார்டைக் கேட்டால் அசலை வைத்துவிட்டு வாங்கிக்கொள் என்கிறார். கார்டில் இருப்பது நான் எப்போதோ விட்டுவிட்ட பழைய மொபைல் நம்பர். இ-சேவை மையத்தில், ‘தொலைந்துவிட்டது என்று எழுதி நகல் கார்டு வாங்கிவிடுங்கள், பிரச்சினை முடிந்தது’ என்கிறார்கள். அப்படிச் செய்யலாமா? புகார் கொடுத்தால் அம்மா மேல் கேஸ் வருமா?

பதில்: கடைசிக் கேள்வியிலிருந்து தொடங்குகிறேன். உங்களைத் தடுத்துக்கொண்டிருப்பது அதுதான் என்று கடிதத்தைப் படித்தாலே தெரிகிறது.

ரேஷன் கார்டு அரசு கொடுத்த ஆவணம். அதை இன்னொருவர் கையில் கொடுக்கவோ அடகு வைக்கவோ யாருக்கும் உரிமை கிடையாது. அந்த வகையில் உங்கள் அம்மா செய்தது தவறு. இல்லை என்று சொல்லி உங்களைச் சமாதானப்படுத்த மாட்டேன். ஆனால் தட்டில் எடை போட்டுப் பாருங்கள். ஒரு பக்கம், மருந்துச் செலவுக்கு வழியில்லாமல் கார்டைக் கொடுத்த மூதாட்டி. மறுபக்கம், 14 மாதத்தில் 490 கிலோ அரசு அரிசியைத் தூக்கிய ஒருவர், அதற்கு பில் போட்டுக் கொடுத்த இன்னொருவர். அதிகாரி உங்கள் அம்மாவைக் கண்டிக்கலாம், ‘இனி இப்படிச் செய்ய மாட்டேன்’ என்று எழுதி வாங்கலாம். விசாரணை போக வேண்டிய திசை அந்த இருவர் பக்கம். அதிலும் தானாக முன்வந்து உண்மையைச் சொல்கிறவரின் நிலைமை, பிடிபட்ட பிறகு சொல்கிறவரின் நிலைமையைவிட எப்போதும் மேல்.

அதனால்தான் ‘தொலைந்துவிட்டது’ யோசனை எனக்குத் துளியும் பிடிக்கவில்லை. சில வருடங்களுக்கு முன் என்னிடம் ஒருவர் வந்தார். அடகில் இருந்த கார்டைத் தொலைந்ததாக எழுதிக் கொடுத்து நகல் வாங்கிவிட்டு, அப்புறம் அரிசி களவு போகிறது என்று புகாரும் கொடுத்தார். விசாரணைக்கு வந்த, கடன் கொடுத்தவர், பையிலிருந்து அசல் கார்டை எடுத்து மேசை மேல் வைத்தார். ‘இவர் கையால் கொடுத்தது சார், தேதி போட்டுக் கையெழுத்தும் இருக்கு’ என்றார். அவ்வளவுதான். அதன் பிறகு நாங்கள் சொன்ன உண்மையையும் யாரும் கேட்கத் தயாராக இல்லை. அரசு அலுவலரிடம் தெரிந்தே பொய்த் தகவல் கொடுப்பது தனிக் குற்றம் வேறு. இப்போது உங்கள் அம்மாவிடம் இருப்பது ஒரு தவறு. பொய் எழுதினால் இரண்டாகும். ‘கடனுக்கு ஈடாகக் கொடுத்தேன், திருப்பித் தர மறுக்கிறார்’ என்று உள்ளதை உள்ளபடி எழுதுங்கள்.

சரி, இனி விஷயத்துக்குள் போவோம். உங்கள் கடிதத்தில் நீங்கள் கவனிக்காமல் கடந்துபோன ஒன்று இருக்கிறது. இந்த 14 மாதத்தை நான் ஒரே கதையாகப் பார்க்கவில்லை. முதல் ஐந்து மாதம் உங்கள் அம்மாவே கடைக்கு வந்து விரல் வைத்திருக்கிறார். கடன் நெருக்கடியில்தான் என்றாலும், மெஷினில் பதிவானது அவருடைய ரேகை. அந்த ஐந்து மாதத்துக்கு விற்பனையாளர், ‘கார்டுக்காரர் வந்தார், கொடுத்தேன்’ என்று சொல்லித் தப்பிக்கப் பார்ப்பார். அடுத்த ஒன்பது மாதம் அப்படி இல்லை. கார்டுக்காரர் கடை வாசலையே மிதிக்கவில்லை. பில் மட்டும் விழுந்திருக்கிறது. 2020-ல் தமிழ்நாட்டில் விரல் ரேகை முறை வந்ததே இதைத் தடுக்கத்தான். வயதானவர்களுக்கும் காட்டு வேலை செய்தவர்களுக்கும் ரேகை தேய்ந்து, மெஷினில் விழாமல் போகும். அவர்களுக்காக மாற்று வழிகளும் வைத்திருக்கிறார்கள். அந்த இடுக்கு வழியாகத்தான் பில் போயிருக்க வேண்டும் என்பது என் ஊகம். எந்த வழியாகப் போயிருந்தாலும், கார்டுக்காரர் இல்லாமல், அவர் அங்கீகரித்த ஆளும் இல்லாமல் போட்ட பில் அது. உங்கள் வழக்கின் உயிர் இந்த ஒன்பது மாதத்தில்தான் இருக்கிறது. புகாரில் இரண்டையும் கலக்காமல் தனித்தனியாக, மாதம் குறிப்பிட்டு எழுதுங்கள்.

அதை நிரூபிக்கக் காகிதம் வேண்டும். முதல் வேலை, மொபைல் நம்பரை மாற்றுவது. பொருள் வாங்கினால் கார்டில் பதிவான நம்பருக்குக் குறுஞ்செய்தி போகும். உங்கள் வீட்டுச் செய்திகளெல்லாம் இந்த 14 மாதமும் செத்துப்போன சிம்முக்கோ, அந்த நம்பர் இப்போது யாரிடம் இருக்கிறதோ அவருக்கோ போய்க்கொண்டிருக்கின்றன. பொதுவிநியோகத் திட்ட இணையதளத்தில் நுழையவே பழைய நம்பருக்கு ஓடிபி போகும் என்பதால், திருப்பூரிலிருந்து உட்கார்ந்தபடி இதை மாற்ற முடியாது. அம்மாவின் ஆதாரை எடுத்துக்கொண்டு வட்ட வழங்கல் அலுவலகத்துக்குத்தான் போக வேண்டும். உங்கள் இப்போதைய நம்பரையே கொடுங்கள். அம்மாவுக்குக் குறுஞ்செய்தி படிக்க வராது. திருப்பூரில் இருந்தாலும் நீங்கள் படித்துவிடுவீர்கள். 2017-ல் ஸ்மார்ட் கார்டு வந்தபோது மனுப் போட்ட கம்ப்யூட்டர் சென்டர்காரரின் நம்பரே பதிவாகிக் கிடக்கும் கார்டுகள் மதுரை மாவட்டத்தில் இன்னும் எத்தனையோ உண்டு. இதைப் படிக்கிறவர்கள் இன்றைக்கே தங்கள் கார்டை ஒருமுறை பார்த்துவிடுவது நல்லது.

நம்பர் மாறியதும் அரசின் செயலியில் உங்கள் கார்டுக்கு விழுந்த பில்களைப் பார்க்கலாம். ஸ்கிரீன்ஷாட் எடுத்து வையுங்கள். அடுத்து ஆதார். ஆதார் வழியாக ரேகை சரிபார்க்கப்பட்டிருந்தால் ஆதார் ஆணையத்தின் தளத்தில் அதன் வரலாறு இருக்கும். அம்மாவின் ஆதாரோடு இணைந்த போனுக்கு வரும் ஓடிபி போதும். ஆனால் கடந்த ஆறு மாதத்துக்குத்தான் கிடைக்கும். ஒவ்வொரு மாதம் தள்ளிப்போடும்போதும் ஒரு மாதச் சாட்சி கைநழுவுகிறது. பில் விழுந்த நாளில் ஆதார் சரிபார்ப்பே நடக்கவில்லை என்று தெரிந்தால், அந்த வெற்றிடம்தான் உங்களுக்குப் பெரிய சாட்சி. இதோடு தகவல் உரிமைச் சட்டத்தில் 10 ரூபாய் கோர்ட் ஃபீ ஸ்டாம்ப் ஒட்டி ஒரு மனு: இந்தக் கார்டு எண்ணுக்கு 14 மாதமும் வழங்கிய பொருள், அளவு, தேதி, நேரம், எந்த முறையில் சரிபார்த்தார்கள் என்று கேளுங்கள். 30 நாளுக்குள் பதில் தர வேண்டும்.

புகாரை அம்மாவின் பெயரில்தான் எழுத வேண்டும், கைநாட்டானாலும் பரவாயில்லை. நீங்கள் கூட நின்றால் போதும். வட்ட வழங்கல் அலுவலருக்கு ஒன்று, கலெக்டர் அலுவலகத்தில் மாவட்ட வழங்கல் அலுவலருக்கு ஒன்று. கடை கூட்டுறவுச் சங்கம் நடத்துவது என்றால் கூட்டுறவு இணைப்பதிவாளருக்கும் ஒரு நகல். விற்பனையாளர் மேல் துறை நடவடிக்கை எடுப்பது அவர்கள் கையில் இருக்கிறது. இன்று முதல் இந்தக் கார்டுக்கு அம்மா நேரில் வந்தால் மட்டும் பொருள் வழங்க வேண்டும் என்று முதல் வரியிலேயே கேளுங்கள். ஒவ்வொரு மாதமும் இரண்டாவது சனிக்கிழமை தாலுகா தோறும் பொதுவிநியோகக் குறைதீர் முகாம் நடக்கிறது, திங்கட்கிழமை கலெக்டர் அலுவலகத்தில் மனு நாள். திருப்பூரிலிருந்து வர உங்களுக்குச் சனிக்கிழமைதான் வசதி. 1967-க்குப் போன் செய்தும் பதிவு செய்யலாம், ஆனால் போன் புகாரை மட்டும் நம்பி உட்காராதீர்கள். அந்தியோதயா கார்டு என்பதால் 2013-ஆம் ஆண்டு தேசிய உணவுப் பாதுகாப்புச் சட்டப்படி மாவட்டக் குறைதீர் அலுவலரிடமும், அங்கே நியாயம் கிடைக்காவிட்டால் மாநில உணவு ஆணையத்திடமும் போகும் உரிமை உங்கள் அம்மாவுக்கு உண்டு.

போலீஸ் விஷயம். ரேஷன் பொருள் கடத்தலைப் பார்ப்பதற்கென்றே தமிழ்நாட்டில் தனிப் பிரிவு இருக்கிறது: குடிமைப் பொருள் வழங்கல் குற்றப் புலனாய்வுத் துறை. ரேஷன் அரிசி எல்லை தாண்டிக் கேரளாவுக்குப் போவதும் மாவு மில்லுக்குப் போவதும் நம் ஊரில் யாருக்கும் புதிய செய்தியில்லை. அது மூட்டையாகச் சேர்வது இந்த மாதிரிக் கார்டுகளிலிருந்துதான். குடும்ப அட்டை மூலம் பொருள் வழங்குவதை ஒழுங்குபடுத்தும் 1982-ஆம் ஆண்டு ஆணை, அத்தியாவசியப் பொருள்கள் சட்டத்தின் கீழ் வந்தது. அதை மீறினால் அந்தச் சட்டத்தின் 7-ஆம் பிரிவில் மூன்று மாதம் முதல் ஏழு வருடம் வரை சிறை. விற்பனையாளர் பொய்க் கணக்கு எழுதியிருந்தால் பாரதிய நியாய சன்ஹிதா 344, ஏமாற்றிப் பொருள் பெற்றதற்கு 318. உள்ளூர் ஸ்டேஷனில் புகார் கொடுத்தால் சி.எஸ்.ஆர். எனப்படும், புகார் பெற்றதற்கான ரசீதை வாங்காமல் நகராதீர்கள். எஃப்.ஐ.ஆர். போட மறுத்தால் எஸ்.பி.க்குத் தபாலில் அனுப்பலாம், அதற்கும் பலனில்லை என்றால் மாஜிஸ்திரேட்டிடம் மனுப் போடலாம். அந்த நிலை வந்தால் வக்கீல் தேவைப்படும். பெண் என்பதாலேயே, வருமானம் எவ்வளவு என்று பார்க்காமல், உங்கள் அம்மாவுக்கு இலவச சட்ட உதவி உண்டு. மதுரை மாவட்ட நீதிமன்ற வளாகத்தில் சட்டப் பணிகள் ஆணைக்குழுவில் கேளுங்கள், அல்லது 15100-க்குப் பேசுங்கள்.

கடன்? 3,000 ரூபாய் வாங்கியது உண்மை, அசல் பாக்கி என்பதை மறுக்காதீர்கள். ஆனால் அதற்காகக் கார்டைப் பிடித்து வைக்க அந்த அம்மாளுக்குச் சட்டத்தில் எந்தப் பிடியும் இல்லை. அடகு வைக்கவே கூடாத ஒன்றை அடகு வாங்கியிருக்கிறார். பத்து வட்டி என்றால் வருடத்துக்கு நூற்றுக்கு 120. முதியோர் உதவித்தொகை மாதம் 1,200 வருகிறது என்றால் அதில் கால் பங்கு வட்டிக்கே போயிருக்கிறது. இப்படிப்பட்ட வட்டிக்கு எதிராகத்தான் 2003-ல் தமிழ்நாட்டில் கந்துவட்டித் தடைச் சட்டம் வந்தது. மூன்று வருடம் வரை சிறையும் 30,000 ரூபாய் வரை அபராதமும் உண்டு. ஏற்கெனவே கட்டிய 4,200, எடுத்துக்கொண்ட அரிசி எல்லாவற்றையும் கணக்கில் எழுதிப் புகாரோடு இணையுங்கள். என் அனுபவத்தில் இந்தக் கணக்கைக் காட்டி ஒரு வக்கீல் நோட்டீஸ் போனாலே பாதிப் பேர் கார்டை வீட்டில் கொண்டுவந்து கொடுத்துவிடுவார்கள். கொடுத்தால் வாங்கிக்கொள்ளுங்கள், ‘புகார் எதுவும் இல்லை’ என்று மட்டும் எதிலும் கையெழுத்துப் போட்டுவிடாதீர்கள். கடையில் போட்ட பொய்ப் பில் அதனால் அழிந்துவிடாது.

கார்டு கைக்கு வந்த பிறகு அம்மாவிடம் இரண்டு விஷயம் சொல்லி வையுங்கள். வரிசை நீளமாக இருக்கிறது என்று கார்டைக் கடையிலேயே விட்டுவிட்டு வருவது கிராமங்களில் சாதாரணமாக நடக்கிறது, அது கூடாது. ‘கேஒய்சி முடிக்கவில்லை, கார்டு ரத்தாகிவிடும், நம்பரைச் சொல்லுங்கள்’ என்று போன் வந்தால் பதில் பேசாமல் வைத்துவிட வேண்டும். பணம் போய்விட்டால் உடனே சைபர் குற்ற உதவி எண் 1930-க்குப் பேச வேண்டும். மற்றபடி ஆதாரில் ரேகையைப் பூட்டி வைக்கும் வசதி இருக்கிறதே என்று உங்களுக்கு யாராவது யோசனை சொல்லலாம். உங்கள் அம்மாவுக்கு அது சரிப்படாது. ஒவ்வொரு முறை அரிசி வாங்கும்போதும் திறந்து மூட வேண்டும், நீங்களோ திருப்பூரில் இருக்கிறீர்கள்.

அம்மாவால் கடைக்கு நடக்க முடியவில்லை என்றால், அவருக்குப் பதிலாக வாங்க ஒருவரை எழுத்து மூலம் அங்கீகரிக்கும் படிவம் வட்ட வழங்கல் அலுவலகத்தில் கிடைக்கும். அதைவிட நல்ல வழி ஒன்று இருக்கிறது. முதியவர்களுக்கும் மாற்றுத்திறனாளிகளுக்கும் வீட்டுக்கே பொருள் கொண்டுவரும் தாயுமானவர் திட்டம் 2025 ஆகஸ்ட் 12-ல் தொடங்கியது. தனியாக இருக்கும் 72 வயது அம்மாவின் பெயர் அந்தப் பட்டியலில் இருக்கிறதா என்று, புகார் கொடுக்கப் போகும் அதே சனிக்கிழமை, அதே மேசையில் கேட்டுவிட்டு வாருங்கள்.