ரேஷன் கார்டில் இருப்பது யார் நம்பர்? வாசகர் கேள்விகளுக்குப் பதில்

ஆடிப்பெருக்கு முடிந்த கையோடு கடிதங்கள் குவிந்துவிட்டன. பாதிப் பேர் கூடுதுறையிலோ கொடுமுடியிலோ பர்ஸைத் தொலைத்தவர்கள். மற்றவர்களுக்குப் பெயர், முகவரி, பழைய அட்டைப் பிரச்சினைகள். ஒரே மாதிரியான கேள்விகளை ஒன்றாகச் சேர்த்திருக்கிறேன். ஒரு வேண்டுகோள்: ஆதாரை இரண்டு பக்கமும் படம் எடுத்து எனக்கு அனுப்பாதீர்கள். எனக்கு அது தேவையே இல்லை. போன முறையும் சொன்னேன், இந்த முறையும் வந்திருக்கிறது. வந்ததையெல்லாம் அழித்துவிட்டேன்.

ஐயா, கார்டு தொலஞ்சு போச்சுங்க. என்ன பண்றதுங்க? (ஊர் குறிப்பிடவில்லை)

எந்தக் கார்டு என்று எழுதவில்லையே! ரேஷனா, வாக்காளர் அட்டையா, ஆதாரா, லைசென்ஸா? ஒவ்வொன்றுக்கும் அலுவலகம் வேறு, படிவம் வேறு. எழுதும்போது கார்டின் பெயர், தாலுகா, எப்போது தொலைந்தது, அந்தக் கார்டில் பதிந்த போன் நம்பர் இப்போது யாரிடம் இருக்கிறது என்ற நான்கையும் எழுதுங்கள்.

கூடுதுறையில் குளிக்கப் போனபோது பை காணாமல் போய்விட்டது. ரேஷன் ஸ்மார்ட் கார்டு, ஓட்டு கார்டு, லைசென்ஸ் மூன்றும் அதில்தான். எதை முதலில் செய்வது? (அந்தியூர்)

முதலில் தமிழ்நாடு காவல்துறையின் இணையதளத்தில் 'தொலைந்த ஆவண அறிக்கை' பதிவு செய்யுங்கள். அதற்காக ஸ்டேஷன் வாசலில் நிற்க வேண்டியதில்லை. பெயர், முகவரி, எந்த ஆவணம், எங்கே தொலைந்தது என்று கொடுத்தால் எண்ணோடு அறிக்கை வரும். லைசென்ஸுக்கும் ஓட்டு கார்டுக்கும் அது உதவும். பிறகு லைசென்ஸுக்குப் போக்குவரத்துத் துறையின் பரிவாகன் தளம், ஓட்டு கார்டுக்குத் தேர்தல் ஆணையத்தின் படிவம் 8.

ரேஷன் கார்டுக்கு வழங்கல் துறையின் டிஎன்பிடிஎஸ் தளத்தில் 'நகல் மின்னணு அட்டை' என்று ஒரு இடம் இருக்கிறது. பதிந்த போன் நம்பருக்கு ஓடிபி வரும். தபாலில் வாங்கினாலும் செலவு ஐம்பது ரூபாய்க்குள்தான். முந்நூறு, ஐந்நூறு என்று யாராவது கேட்டால் எழுந்து வந்துவிடுங்கள். விண்ணப்பித்ததும் வரும் குறிப்பு எண்ணைக் காலண்டரிலாவது எழுதி வையுங்கள். அது இல்லாமல் அலுவலகத்தில் எதையும் தேட முடியாது.

நகல் கார்டுக்கு விண்ணப்பித்தால் ஓடிபி வேறு யாருடைய போனுக்கோ போகிறது. அது முன்பு எங்கள் ஊரில் பிரவுசிங் சென்டர் வைத்திருந்தவரின் நம்பராம். அவர் கடையை மூடிவிட்டுப் போய்விட்டார். என்ன செய்வது? (பல்லடம்)

இதே கேள்வி சூலூர், பெருந்துறை, ராசிபுரத்தில் இருந்தும் வந்திருக்கிறது. வழங்கல் துறையில் ஏறத்தாழ முப்பது ஆண்டு இருந்தவன் நான். பணியில் இருந்தபோதே எனக்கு மிகவும் வருத்தம் தந்த விஷயம் இது. அதனால் கொஞ்சம் விரிவாகவே சொல்கிறேன்.

2017-இல் ஸ்மார்ட் கார்டு வந்தபோது விவரம் பதியப் போனவர்களில் பலரிடம் சொந்த போன் இல்லை, அல்லது நம்பர் மனப்பாடமாகத் தெரியாது. "ஏதாவது ஒரு நம்பர் போடுங்க" என்று சொன்னார்கள். பக்கத்தில் நின்றவர் நம்பர், கடைக்காரர் நம்பர், விண்ணப்பம் போட்டுத் தந்த பையனின் நம்பர் என்று ஏதோ ஒன்று ஏறிவிட்டது. தறிக்கூடத்தில் இரண்டு ஷிப்டு ஓட்டுகிற குடும்பத்துக்கு அன்றைக்கு வேலை முடிந்தால் போதும் என்றிருந்தது. அவர்களைக் குறை சொல்லிப் பயனில்லை. ஆனால் ஓடிபி தன் போனுக்கு வந்தால் வேலை சீக்கிரம் முடியும் என்று தன் நம்பரையே வரிசையாக எல்லாக் கார்டுக்கும் போட்டவர்களை என்னால் மன்னிக்க முடியவில்லை. இது வீட்டுச் சாவியை ஊர் பேர் தெரியாதவரிடம் கொடுத்துவைப்பது போலத்தான்.

அந்த நம்பரை வைத்து என்னவெல்லாம் நடக்கும் என்று பாருங்கள். தளத்துக்குள் நுழைவதே அதை வைத்துத்தான். பெயர் சேர்க்க, நீக்க, முகவரி மாற்ற, நகல் கேட்க, எல்லாவற்றுக்கும் அதே வழி. கடையில் பில் போட்டவுடன் எந்தப் பொருள் எவ்வளவு என்று குறுஞ்செய்தி போவதும் அந்த நம்பருக்குத்தான். நீங்கள் இரண்டு கிலோ சர்க்கரை மட்டும் வாங்கி, பில்லில் பருப்பும் பாமாயிலும் சேர்ந்து ஏறியிருந்தால், அதை உடனே காட்டிக் கொடுப்பது அந்தச் செய்திதான். அது வேறொருவர் போனில் விழுந்தால் உங்களுக்கு எப்படித் தெரியும்? கார்டு தொலைவது சின்ன விஷயம், அது வெறும் பிளாஸ்டிக். பதிவு அடுத்தவர் கைக்குப் போவதுதான் பெரிய நஷ்டம்.

செய்ய வேண்டியது இதுதான். குடும்பத் தலைவர் அல்லது தலைவி ஆதார் நகலோடு தாலுகா அலுவலகத்தில் உள்ள வட்ட வழங்கல் பிரிவுக்கு நேரில் போய், போன் நம்பரை மாற்றித் தரச் சொல்லி எழுதிக் கொடுக்க வேண்டும். வேலை நாளில் லீவு போட முடியாதென்றால் மாதத்தின் இரண்டாவது சனிக்கிழமை பொது விநியோகத் திட்டக் குறைதீர் முகாம் நடக்கும். எந்த ஊரில் என்று முன்கூட்டியே செய்தித்தாளில் போடுவார்கள். நம்பர் பதிவது, மாற்றுவது, நகல் அட்டை கேட்பது எல்லாம் அங்கே எடுத்துக்கொள்வார்கள். மாற்றிய பின் வீட்டுக்கு வந்து, தளத்தில் ஒரு முறை நுழைந்து ஓடிபி உங்கள் போனுக்கு வருகிறதா என்று பாருங்கள். அதைப் பார்க்காமல் விட்டுவிட்டு ஆறு மாதம் கழித்து எனக்கு எழுதாதீர்கள். சிம்மை மாற்றினாலும் இதே வேலையைச் செய்தாக வேண்டும்.

தேனிப் பக்கம் சொந்த ஊர். பனியன் கம்பெனி வேலைக்காகக் குடும்பத்தோடு திருப்பூர் வந்துவிட்டோம். கார்டு ஊரிலேயே தொலைந்துவிட்டது. இங்கே புதுக் கார்டு போட்டுவிடலாமா? (திருப்பூர், அனுப்பர்பாளையம்)

கூடாது. ஒருவர் பெயர் இரண்டு கார்டில் இருக்கக் கூடாது, ஆதார் மூலம் பிடித்துவிடுவார்கள். நகல் வாங்கி அதே கார்டில் முகவரியை மாற்றுங்கள். வாடகை வீட்டுக்காரர் ஒப்பந்தம் போட்டுத் தர யோசித்தால் முகவரி மாற்றம் பிறகு பார்த்துக்கொள்ளலாம். 2020 அக்டோபர் முதல் தமிழ்நாட்டில் எந்த ரேஷன் கடையிலும் கைரேகை வைத்துப் பொருள் வாங்கலாம். "உங்க கார்டு எங்க கடையில இல்லீங்க" என்று திருப்பி அனுப்பினால் ரேஷன் புகார் எண் 1967-க்கு அழைத்துக் கடை எண்ணைச் சொல்லுங்கள்.

மகளிர் உரிமைத் தொகைக்காகக் குடும்பத் தலைவராக இருக்கும் என் கணவர் பெயரை எடுத்துவிட்டு என் பெயரைப் போட வேண்டுமா? (காங்கயம்)

வேண்டாம். கார்டில் கணவர் தலைவராக இருந்தால் மனைவியையே குடும்பத் தலைவியாகக் கணக்கில் கொள்வார்கள்.

தங்கைக்குத் தை மாதம் கல்யாணம் ஆனது. இன்னும் எங்கள் கார்டில்தான் இருக்கிறாள். மாப்பிள்ளை வீட்டில் சேர்க்க முடியவில்லை என்கிறார்கள். (சென்னிமலை)

முதலில் உங்கள் கார்டில் நீக்கம், அதன் பிறகுதான் அங்கே சேர்ப்பு. வரிசையை மாற்றினால் தள்ளுபடி ஆகும். திருமணச் சான்று, அல்லது அழைப்பிதழ், கையில் வைத்துக்கொள்ளுங்கள். நீக்கத்துக்கான குறிப்பு எண்ணையும் எழுதி வையுங்கள்.

மஞ்சள் வேக வைக்கிற வேலையில் இருக்கிறேன். கை எல்லாம் தேய்ந்துவிட்டது. கடையில் ரேகை விழுவதில்லை. கார்டு பழசானதால் இப்படியா? புதுக் கார்டு வாங்கினால் சரியாகுமா? (ஈரோடு, நசியனூர்)

ஆகாது. ரேகைக்கும் கார்டுக்கும் சம்பந்தமில்லை. கார்டில் சிப் எதுவும் கிடையாது, க்யூஆர் குறியீடு மட்டும்தான். சாயப்பட்டறை, சலவைப்பட்டறை, செங்கல் சூளைக்காரர்களுக்கும் இதே கஷ்டம்தான். சோப்புப் போட்டுக் கழுவி, நன்றாகத் துடைத்துவிட்டு வையுங்கள், அடுத்தடுத்த விரல்களையும் வைத்துப் பாருங்கள். பல கடைகளில் கண் கருவிழிக் கருவி இருக்கிறது, அதைக் கேளுங்கள். வீட்டில் வேறு யாராவது போய் ரேகை வைத்தாலும் போதும். நடக்கவே முடியாத பெரியவர்கள் மட்டும் இருந்தால், வேறொருவரை அனுப்ப அங்கீகாரச் சான்று படிவம் உண்டு. வயது முதிர்ந்தவர்களுக்கும் மாற்றுத்திறனாளிகளுக்கும் 2025 ஆகஸ்டில் தொடங்கிய தாயுமானவர் திட்டத்தில் வீட்டுக்கே பொருள் வருகிறது. உங்கள் ஊரில் எந்த நாள் என்று கடையில் கேட்டு வையுங்கள்.

1995-இல் எடுத்த கறுப்பு வெள்ளை ஓட்டு கார்டு வைத்திருக்கிறேன். படமே தெரியவில்லை. செல்லுமா? (உடுமலை)

டிஎன் என்று தொடங்கிச் சாய்கோடுகள் போட்ட நீள எண் இருந்தால் அது பழைய வரிசை. இப்போதைய கார்டில் மூன்று ஆங்கில எழுத்தும் ஏழு இலக்கமும்தான். படிவம் 8 போட்டால் புதிது கிடைக்கும். ஆனால் அதற்கு முன் பட்டியலில் உங்கள் பெயர் இருக்கிறதா என்று பாருங்கள். 2025 நவம்பரில் தொடங்கிய வாக்காளர் பட்டியல் சிறப்புத் தீவிரத் திருத்தத்தின் வரைவுப் பட்டியலில் மாநிலம் முழுக்கக் கிட்டத்தட்ட ஒரு கோடிப் பெயர்கள் இல்லாமல் போயின. கார்டு பீரோவில் பத்திரமாக இருக்கிறது என்று நிம்மதியாக இருந்தவர்களும் அதில் உண்டு. பெயர் இல்லையென்றால் படிவம் 8 பயன்படாது, புதிதாகப் பெயர் சேர்க்கும் படிவம் 6 போட வேண்டும். சந்தேகம் என்றால் தேர்தல் உதவி எண் 1950-க்கு அழையுங்கள்.

பெயர் இருந்து கார்டு மட்டும் இல்லையென்றால் ஆதார், பான், லைசென்ஸ், பாஸ்போர்ட், படம் ஒட்டிய வங்கி பாஸ்புக், நூறு நாள் வேலை அட்டை இவற்றில் ஒன்றைக் காட்டி ஓட்டுப் போடலாம். ரேஷன் கார்டு அந்தப் பட்டியலில் இல்லை. தேர்தலன்று சாவடி வாசலில் அதை நீட்டிச் சண்டை போடாதீர்கள்.

போர்வெல் ரிக் வண்டி டிரைவர். சத்தீஸ்கரில் வேலையில் இருக்கும்போது லைசென்ஸ் தொலைந்துவிட்டது. ஊருக்கு வர இரண்டு மாதம் ஆகும். (திருச்செங்கோடு)

அங்கேயே போலீஸில் எழுதிக் கொடுத்து ரசீது வாங்குங்கள். டிஜிலாக்கர் செயலியிலோ எம்பரிவாகன் செயலியிலோ லைசென்ஸை இறக்கி வைத்தால் வழியில் காட்டச் சட்டப்படி அதுவே போதும். காலாவதித் தேதியையும் பாருங்கள். கனரக உரிமம் ஐந்து ஆண்டுதான். முடிந்து ஓராண்டுக்கு மேல் போனால் மறுபடியும் ஓட்டிக் காட்டச் சொல்வார்கள்.

உள்தாள் ஒட்டிய பழைய தாள் கார்டு இருக்கிறது. பெங்களூரில் இருந்ததால் ஸ்மார்ட் கார்டு வாங்கவே இல்லை. இப்போது ஊருக்கே வந்துவிட்டோம். நகல் கிடைக்குமா? (பொள்ளாச்சி)

இத்தனை ஆண்டு கழித்து அந்தப் பதிவு உயிரோடு இருப்பது அரிது. வட்ட வழங்கல் அலுவலகத்தில் பழைய எண்ணைக் காட்டிக் கேளுங்கள். இல்லையென்றால் புது விண்ணப்பம்தான். பெங்களூரில் கார்டு எடுத்திருந்தால் அங்கே நீக்கிவிட்டு வாருங்கள்.

சிரமமான நேரத்தில் வட்டிக்குக் கடன் வாங்கினேன். ரேஷன் கார்டையும் ஏடிஎம் கார்டையும் அவர் வாங்கி வைத்துக்கொண்டார். தொலைந்துவிட்டதாகச் சொல்லி நகல் வாங்கிக்கொள்ளலாமா அண்ணா? (குமாரபாளையம், விசைத்தறித் தொழிலாளி)

தம்பி, பொய் சொல்ல வேண்டாம், சொல்ல வேண்டிய அவசியமும் இல்லை. ரேஷன் கார்டு அடமானப் பொருள் கிடையாது. அதை வாங்கி வைத்துக்கொள்ள அவருக்கு எந்த உரிமையும் இல்லை. கார்டு அவரிடம் இருந்தாலும் உங்கள் கைரேகை உங்களிடம்தான் இருக்கிறது. கடையில் கார்டு எண்ணைச் சொல்லி, நிலைமையைச் சொல்லிக் கேளுங்கள். ஏடிஎம் கார்டை இன்றைக்கே வங்கியில் சொல்லி முடக்குங்கள், ரகசிய எண் அவருக்குத் தெரிந்திருந்தால் இந்த நிமிடமே.

அதிக வட்டி வசூலைத் தடுக்கத் தமிழ்நாட்டில் 2003-இலேயே தனிச் சட்டம் வந்துவிட்டது. காவல் நிலையத்தில் புகார் கொடுக்கத் தயக்கமாக இருந்தால் திங்கட்கிழமை நாமக்கல் ஆட்சியர் அலுவலகத்தில் நடக்கும் மக்கள் குறைதீர் கூட்டத்தில் மனுவாகக் கொடுங்கள். கடன் எவ்வளவு, கட்டியது எவ்வளவு, எந்தெந்தக் கார்டு அவரிடம் என்று தேதியோடு எழுதுங்கள். மனு எண்ணை வாங்காமல் வராதீர்கள். தனியாகப் போகாமல் கூட வேலை செய்கிறவர் ஒருவரைக் கூட்டிக்கொண்டு போங்கள். இந்த நிலைமையில் இருப்பவர்கள் தறி ஓடும் ஊர்களில் எத்தனையோ பேர். வெட்கப்பட வேண்டியவர் நீங்கள் இல்லை.

கடையில் ஆதாரை நூறு ரூபாய்க்குப் பிளாஸ்டிக் கார்டாக அடித்துத் தருகிறார்கள். வாங்கலாமா? (அன்னூர்)

வேண்டாம். ஆதார் ஆணையத்தின் தளத்திலேயே கேட்டால் அதைவிடக் குறைவான செலவில் வீட்டுக்குத் தபாலில் வரும். கடையில் அடித்ததை ஏற்க மாட்டோம் என்று ஆணையமே சொல்லியிருக்கிறது. உங்கள் ஆதார் கோப்பு அந்தக் கடைக் கணினியிலேயே கிடப்பது இன்னொரு ஆபத்து.

நகல் ரேஷன் கார்டு வந்த மறுவாரம் பழைய கார்டு அமுச்சியின் (பாட்டியின்) சுருக்குப்பையில் கிடைத்துவிட்டது. இரண்டையும் வைத்துக்கொள்ளலாமா? (கோபி)

புதியதைப் பயன்படுத்துங்கள். பழையதை வட்ட வழங்கல் அலுவலகத்தில் எழுதிக் கொடுத்து ஒப்படைத்துவிடுங்கள்.