நாலு பேரு தூக்குறது

வணக்கம் அக்கா. டிசம்பர் 3 மாற்றுத்திறனாளிகள் தினத்துக்கு எங்க காலேஜ்ல, மாற்றுத்திறனாளிகள் உரிமைக்காக போராடின ஜாவேத் அபிதி பத்தி பத்து நிமிஷம் பேசணும். ஊனத்தையும் மீறி சாதிச்சவர், ரொம்ப இன்ஸ்பிரேஷன். மாற்றுத்திறனாளின்னு சொல்றதா, ஊனமுற்றவர்னு சொல்றதா? பேச்ச எப்படி முடிச்சா கைதட்டு வரும்?

தம்பி,

அபிதிய பேச எடுத்தியே, அதுக்கே சந்தோஷம்டா. எங்க மாமா திவசம் வருது, ரெண்டு வாரமா எனக்கும் இதே நெனப்புதான்.

எந்த வார்த்தைங்கறத விடு, உன் கூட படிக்கற மாற்றுத்திறனாளி பசங்க கிட்டயே கேட்டுக்கோ. ஆனா "ஊனத்தையும் மீறி"ன்னு எழுதினே பாரு, அங்கதான் சுர்ருன்னு ஏறிடுச்சு. என்னத்த மீறினாரு? பிறவியிலேருந்து ஸ்பைனா பிஃபிடா, அதாவது முதுகுத்தண்டு சரியா மூடாமயே பொறக்கறது, 2018 மார்ச்ல சாகற வரைக்கும் அது அவரோடயேதான் இருந்துச்சு. அவரு மல்லுக்கட்டினது படிக்கட்டோட. 1997ல சுப்ரீம் கோர்ட்டுக்கு போனாரே எதுக்கு, ப்ளேனுக்குள்ள சீட் வரைக்கும் போக ஒடுக்கமான வீல்சேர் வை, மேல ஏத்த லிஃப்ட் வைன்னு கேட்டுதான். 2001ல வீல்சேர்லயே இருந்த விஞ்ஞானி ஸ்டீபன் ஹாக்கிங் டில்லி வந்தப்போ அபிதி விடாம நெருக்கினதுல குதுப் மினார்ல மரப்பலகைல ராம்ப் போட்டாங்க, பெரிய மனுஷன் வந்தா பலகை வந்துடுது பாத்தியா, அப்போ இத்தன வருஷமா இல்லாம இருந்தது காசும் இல்ல கல்லும் இல்ல.

மாற்றுத்திறனாளிகளுக்கான 1995 சட்டம், அப்புறம் 2016ல வந்த புது சட்டத்துல ஊன வகை 7லேருந்து 21 ஆனது, அரசு வேலைல இட ஒதுக்கீடு 3 சதவீதம் 4 ஆனது, இதெல்லாம் நீயே தேடிப் படிச்சுக்கோ.

மாமாவுக்கு போலியோ, ரெண்டு காலும். பத்திரம் பதியப் போனோம், ஆபீஸ் மாடில. கூப்பிடாமயே நாலு பேரு ஓடி வந்து சேரோட தூக்கினாங்க, நல்லவங்கதான், குத்தம் சொல்லல. படி திரும்பற எடத்துல சேர் சாஞ்சு ஒரு செருப்பு கழண்டு கீழ உருண்டுடுச்சு. மேல கையெழுத்து போட்டு முடிக்கற வரைக்கும் வேட்டிய இழுத்து இழுத்து அந்த வெறும் பாதத்த மூடிட்டே இருந்தாரு மனுஷன். அந்த ரெஜிஸ்டர ஒரு ஆள் கீழ எடுத்துட்டு வந்திருந்தா ரெண்டு நிமிஷ வேலைடா, புக்க தூக்க ஒருத்தர் இல்ல, ஆள தூக்க நாலு பேரு! வீட்டுக்கு வந்து "நாலு பேரு தூக்குறது ஒரு தடவ போதாதாடி, உசுரோட வேற தூக்கணுமா"ன்னு சொல்லி சிரிச்சாரு. எனக்கு சிரிப்பு வரல.

நீ என்னமோ கேட்டியே, ஆங், எப்படி முடிக்கறதுன்னு. கைதட்டு வாங்கற மாதிரி நானே பேசினதில்ல, எனக்கு எப்படி தெரியும். நீ பேசப் போற மேடைக்கு எத்தன படின்னு நாளைக்கு போய் எண்ணிப் பாத்துட்டு எனக்கு எழுது.

அக்கா