கேள்வி - பதில்: படகு போன கல்பாலம்

கேள்வி: இங்கிலாந்தில் ஆற்றுக்கு மேலே கல்பாலம் கட்டி, அதன்மேல் கால்வாயை ஓடவிட்டு, அதில் நிலக்கரிப் படகு விட்டார்களாமே? பாரப் படகு ஏறினால் பாலம் எப்படித் தாங்கும்? அந்தப் பாலம் இன்னும் இருக்கிறதா?

பதில்: மான்செஸ்டருக்குப் பக்கத்தில், இர்வெல் ஆற்றின் மேல் 1761 ஜூலையில் திறந்த பார்ட்டன் தொட்டிப்பாலத்தைத்தான் கேட்கிறீர்கள். பிரிட்ஜ்வாட்டர் கோமகனுக்கு வர்ஸ்லியில் சுரங்கம் இருந்தது, கரியை நகரத்துக்குக் கொண்டுபோகிற செலவுதான் கையைக் கடித்தது, அதனால் சொந்தமாகக் கால்வாய் வெட்ட இறங்கினார், நடுவில் ஆறு குறுக்கிட்டது. மதகு வைத்துப் படகை ஆற்றில் இறக்கி மறுகரையில் ஏற்றலாம், ஆனால் நேரமும் தண்ணீரும் வீண். அதிகம் பள்ளிக்கூடம் போகாத ஜேம்ஸ் பிரிண்ட்லி, ஆலை இயந்திரங்கள் செய்தவர், நேராக மேலேயே போய்விடலாம் என்றார். மூன்று கல் வளைவுகள், ஆற்றிலிருந்து சுமார் 12 மீட்டர் உயரம். கால்வாய் வந்ததும் மான்செஸ்டரில் கரி விலை ஏறத்தாழ பாதியாகிவிட்டது.

படகைப் பற்றிக் கவலை வேண்டாம். மிதக்கும் படகு தன் எடைக்குச் சமமான தண்ணீரை ஒதுக்கித் தள்ளிவிடுகிறது, அந்தத் தண்ணீர் கால்வாயில் பரவிவிடும், ஆக வெறும் படகோ பாரப் படகோ, பாலத்துக்கு எல்லாம் ஒன்றுதான். உண்மையான சுமை தண்ணீரும், அது கசியாமல் இருக்க மிதித்துக் குழைத்துப் போட்ட களிமண்ணும்தான். முதலில் தண்ணீர் விட்டுப் பார்த்தபோது ஒரு வளைவு நெளிந்ததே அந்தப் பாரத்தால்தான்! பிரிண்ட்லி மனம் உடைந்து படுக்கையில் விழுந்தார், கோமகனின் நிர்வாகி ஜான் கில்பர்ட்தான் ஓரங்களில் இருந்த சுமையைக் குறைத்து, வைக்கோலும் புதுக் களிமண்ணும் போட்டுச் சரிசெய்தார் என்று சொல்வார்கள். பெயர் என்னவோ பிரிண்ட்லிக்குத்தான்.

இப்போது அது இல்லை. ஆனால் இடிந்து விழவில்லை. அந்த ஆற்றின் வழியிலேயே, பெரிய கப்பல்கள் போவதற்காக மான்செஸ்டர் கப்பல் கால்வாய் வந்தபோது அந்த உயரத்தில் கப்பல்கள் அடியில் போக முடியாது, அதனால் 1893-ல் இடித்துவிட்டு, பக்கத்திலேயே சுழலும் இரும்புத் தொட்டிப்பாலம் வைத்தார்கள். இரண்டு முனைகளையும் கதவால் அடைத்து, உள்ளே சுமார் 800 டன் தண்ணீரோடு அப்படியே திரும்பிக் கப்பலுக்கு வழிவிடும், 1894-லிருந்து. எனக்கு இதுதான் பழையதைவிடப் பெரிய ஆச்சரியம்.

அப்புறம், பார்ட்டன்தான் உலகத்திலேயே முதல் கால்வாய்ப் பாலம் என்று யாராவது எழுதினால் நம்பாதீர்கள். பிரான்சில் ‘கனால் து மிதி’ (Canal du Midi) என்ற கால்வாயை ரெப்யூத்ர் ஆற்றுக்கு மேலே கொண்டுபோகிற ஒற்றை வளைவுக் கல்பாலம் 1676-லேயே கட்டியது, இன்றைக்கும் அதில் படகு போகிறது.