வாசகர் கேள்வி பதில்: திங்கட்கிழமை ராஜ்மாவும் பன்றி எலும்பும்

கேள்வி: அக்கா, நாங்கள் ஹூஸ்டனில் இருக்கிறோம். பக்கத்து வீட்டு அம்மா நியூ ஆர்லியன்ஸ்காரர். ஒரு திங்கட்கிழமை ரெட் பீன்ஸ் அண்ட் ரைஸ் (சிவப்பு ராஜ்மா குழம்பும் சோறும்) கொடுத்தனுப்பினார், குழம்பு அவ்வளவு கெட்டியாக, வழவழவென்று இருந்தது. நான் செய்தால் பீன்ஸ் தனியாகவும் தண்ணீர் தனியாகவும் நிற்கிறது. இஞ்சி பூண்டு விழுது, கரம் மசாலா எல்லாம் போட்டும் அந்த ருசி வரவில்லை. என்ன செய்யலாம்?
– ஹூஸ்டன் வாசகி

பதில்: முதலில் அந்தக் கரம் மசாலாவை எடுத்து உள்ளே வைத்துவிடு தங்கச்சி. இந்தச் சமையலில் ருசி பன்றி எலும்பிலிருந்து வருகிறது, கெட்டி பீன்ஸிலிருந்து வருகிறது, இரண்டும் வெளியே வர நேரம் வேண்டும். மசாலா அதைக் குறுக்கே நின்று மறைத்துவிடும்.

நியூ ஆர்லியன்ஸில் திங்கட்கிழமை என்றால் அந்தக் காலத்தில் துணி துவைக்கிற நாள். ஞாயிற்றுக்கிழமை விருந்துக்குச் செய்த ஹாமில் (பதப்படுத்திய பன்றித் தொடை) கறி தீர்ந்து எலும்பு மிஞ்சியிருக்கும். அதையும் ஊறின சிவப்பு ராஜ்மாவையும் ஒரே சட்டியில் போட்டு, சிறு தீயில் வைத்துவிட்டுத் துணியைப் பார்க்கப் போவார்கள், மாலையில் வந்தால் குழம்பு தயார். இன்றைக்குத் துணி துவைக்க மெஷின் இருக்கிறது, ஆனாலும் அந்த ஊர் உணவகங்களில் திங்கட்கிழமை என்றால் இதுதான். அந்த ஊரில் 1901இல் பிறந்த ஜாஸ் இசைக்கலைஞர் லூயி ஆம்ஸ்ட்ராங் தன் கடிதங்களை ‘ரெட் பீன்ஸ் அண்ட் ரைஸ்லி யுவர்ஸ்’ என்று எழுதித்தான் முடிப்பார், அவ்வளவு பிரியம்.

சரி, செய்முறைக்கு வருவோம். 450 கிராம் சிவப்பு ராஜ்மா ஆறேழு பேருக்குத் தாராளம். இரண்டு லிட்டர் தண்ணீரில் ஒன்றரை மேசைக்கரண்டி உப்புக் கரைத்து அதில் இரவு முழுக்க ஊறவிடு. உப்பு போட்டால் பீன்ஸ் வேகாது என்று பலர் சொல்வார்கள், நிஜத்தில் உப்புத் தண்ணீரில் ஊறினால்தான் தோல் மிருதுவாகிறது, அதில் இருக்கும் கால்சியத்தின் இடத்தை சோடியம் பிடித்துக்கொள்கிறது. காலையில் அந்தத் தண்ணீரைக் கொட்டிவிட்டு நன்றாக அலசிவிட வேண்டும்.

பன்றியில் நீ வாங்க வேண்டியது சதைக்கறி இல்லை. ஹாம் ஹாக் என்று கேள், காலின் முட்டிப் பகுதி, புகையிட்டு விற்பார்கள், தோலும் நரம்பும் எலும்புமாகத்தான் இருக்கும். அந்தத் தோலும் நரம்பும் இரண்டு மணி நேரத்துக்கு மேல் வேகும்போது கரைந்து குழம்புக்கு ஒரு பசையைக் கொடுக்கும், சாப்பிடும்போது உதடு லேசாக ஒட்ட வேண்டும். வெறும் சதைத் துண்டு போட்டுச் செய்தால் அந்தப் பசை வராது, குழம்பு தண்ணீராக நிற்பதில் பாதிக் காரணம் இதுதான். கூடவே ஆண்டூய் என்கிற புகையிட்ட சாசேஜ் 250 கிராம். அதை வட்டமாக நறுக்கி, கனமான பாத்திரத்தில் போட்டு ஓரம் சிவக்க வதக்கித் தனியே எடுத்து வை. அதிலிருந்து இறங்கிய கொழுப்பிலேயே ஒரு பெரிய வெங்காயம், இரண்டு தண்டு செலரி, ஒரு பச்சைக் குடைமிளகாய், எல்லாம் பொடியாக நறுக்கிப் போட்டு வதக்க வேண்டும். இந்த மூன்றும் நியூ ஆர்லியன்ஸ் இருக்கும் லூசியானா மாநிலச் சமையலுக்கு அடித்தளம், எதையும் விட்டுவிடாதே. அப்புறம் நாலைந்து பல் பூண்டு, தைம் என்கிற வாசனை இலை, இரண்டு பே இலை, கொஞ்சம் மிளகாய்த்தூள். ராஜ்மாவையும் ஹாக்கையும் போட்டு, மேலே இரண்டு விரற்கடை தண்ணீர் நிற்கும்படி ஊற்றி நன்றாகக் கொதிக்கவிடு. அரை மணி நேரம் கழித்துத் தீயைக் குறை.

இரண்டு மணி நேரம் போனதும் ஒரு பீன்ஸை எடுத்து நாக்குக்கும் அண்ணத்துக்கும் நடுவில் வைத்து அழுத்திப் பார், தோல்கூடத் தட்டுப்படாமல் மசிய வேண்டும். மசிந்தால், கரண்டியின் பின்பக்கத்தால் கால் பங்கு பீன்ஸைப் பாத்திரத்தின் சுவரோடு வைத்து நசுக்கிக் கலக்கிவிடு. இதைத்தான் நீ செய்யாமல் விட்டிருப்பாய் என்று நினைக்கிறேன். நசுங்கிய பீன்ஸின் மாவு, எலும்புச் சாற்றோடு சேர்ந்து பத்து நிமிடத்தில் குழம்பின் நிறமே மாறும், சிவப்பு போய் ஒரு கனமான பழுப்பு வரும். ஹாக்கை எடுத்துக் கறியைப் பிய்த்துப் போடு, சாசேஜையும் போட்டு இன்னும் அரை மணி நேரம் வேகட்டும். உப்பு கடைசியில்தான், ஏனென்றால் ஹாக்கிலும் சாசேஜிலும் ஏற்கெனவே நிறைய இருக்கிறது. நீள அரிசிச் சோறு தனியே வடித்து, அதன் மேல் ஊற்றி, வெங்காயத்தாள் தூவிச் சாப்பிடுங்கள். டபாஸ்கோ என்கிற மிளகாய் சாஸ் இரண்டு சொட்டு விடலாம், அதுவும் 1868இலிருந்து லூசியானாவில் செய்வதுதான்.

கேள்வி: இதையே காலையில் ஸ்லோ குக்கரில் போட்டுவிட்டு வேலைக்குப் போகலாமா?
– டாலஸ் வாசகர்

பதில்: நேரடியாகப் போடாதீர்கள், இதை அழுத்திச் சொல்கிறேன். சிவப்பு ராஜ்மாவில் இயற்கையிலேயே ஒரு நச்சுப்புரதம் இருக்கிறது. சரியாக வேகாத நாலைந்து பீன்ஸே போதும், சில மணி நேரத்தில் கடுமையான வாந்தியும் வயிற்றுப்போக்கும் வரும். ஸ்லோ குக்கரில் அந்த நச்சை அழிக்கும் அளவுக்குச் சூடு ஏறாமல் போகலாம், அரைகுறைச் சூட்டில் அது இன்னும் வீரியமாகும். ஊறவைத்த தண்ணீரைக் கொட்டிவிட்டு, புதுத் தண்ணீரில் அடுப்பில் தளதளவென்று 30 நிமிடம் கொதித்த பிறகு ஸ்லோ குக்கருக்கு மாற்றினால் பயமில்லை.

பிரஷர் குக்கர் தாராளமாகப் பயன்படுத்தலாம், நச்சுப் பிரச்சினையும் அதில் இல்லை. ஆனால் குக்கரோடு முடித்துவிடாதீர்கள். ஹாக்கும் பீன்ஸும் அதில் வெந்ததும், திறந்து நசுக்கி, மூடாமல் முக்கால் மணி நேரம் சிறு தீயில் வற்றவிட்டால்தான் ருசி சேரும். தக்காளி, வினிகர் போன்ற புளிப்பு எதுவும் பீன்ஸ் வேகும்வரை உள்ளே போகக் கூடாது, தோல் இறுகிவிடும். எல்லாம் சரியாகச் செய்தும் வேகவில்லை என்றால் பீன்ஸ் பழசு, கடையை மாற்றுங்கள்.

கேள்வி: பயறு, அரிசி, பன்றி மூன்றும் ஒரே பாத்திரத்தில் வேகிற மாதிரி ஒன்று சொல்லுங்களேன்.
– அட்லாண்டா வாசகி

பதில்: உங்கள் பக்கத்து மாநிலமான தென் கரோலினாவின் ஹாப்பின் ஜான் இருக்கிறதே! புத்தாண்டு அன்று கீரையும் சோளரொட்டியும் வைத்துச் சாப்பிடுவார்கள், வருடம் முழுக்கப் பணம் தங்கும் என்று நம்பிக்கை. இதன் வேர் மேற்கு ஆப்பிரிக்கா. அங்கிருந்து அடிமைகளாகக் கொண்டுவரப்பட்ட மக்களின் உழைப்பிலும் அறிவிலும்தான் அந்தக் கரையோர நெல் வயல்கள் விளைந்தன, அவர்கள் வீட்டுச் சமையல்தான் இது. 1847இல் சாரா ரட்லெட்ஜ் என்பவர் எழுதிய சமையல் புத்தகத்தில் இது அச்சேறியபோதும், அவர் சொன்ன முறை இன்றைக்கும் அப்படியே செல்லும்: பயறைப் பாதி வேகவைத்து, பேக்கனைச் சேர்த்து, பயறு நன்றாக வெந்ததும் கழுவிக் கல் அரித்த அரிசியைப் போட்டு, கடைசியில் தணலில் புழுங்கவிடுவது.

நீங்கள் தட்டைப்பயறு ஒரு கப், நீள அரிசி ஒரு கப், கனமாக நறுக்கிய புகையிட்ட பேக்கன் 200 கிராம் எடுங்கள். பயறு வெந்த தண்ணீரைக் கொட்டாதீர்கள், அரிசிக்கு வேண்டிய இரண்டு கப்பை அதிலிருந்தே அளந்து ஊற்றுங்கள். தண்ணீர் வற்றியதும் அடுப்பை அணைத்து, மூடியைத் திறக்காமல் கால் மணி நேரம் விட்டு, முள்கரண்டியால் கிளறிவிடுங்கள். சோறு உதிரி உதிரியாக வர வேண்டும், குழைந்தால் அடுத்த முறை தண்ணீரில் கால் கப் குறையுங்கள்.