நானூக்கின் துப்பாக்கி

அன்புள்ள ஐயா,

கனடாவின் வடக்கே வாழும் இன்யூட் பழங்குடியினரைப் பற்றி ராபர்ட் ஃபிளாஹர்ட்டி எடுத்த 'நானூக் ஆஃப் த நார்த்' (1922) ஆவணப்படத்தைப் பார்த்து மனம் நிறைந்தேன். அப்புறம்தான் படித்தேன்: அந்தப் பனி வீடு பாதி திறந்துவிடப்பட்டதாம், மனைவியாக வருபவர் நிஜ மனைவி இல்லையாம், வேட்டையும் படத்துக்காக நடத்தியதாம். ஏமாந்துபோன மாதிரி இருக்கிறது. இதை என் மாணவர்களுக்குக் காட்டலாமா?

கே., கோவை

அன்புள்ள கே.,

பனி வீட்டைத் திறந்துவிட்டது எனக்குக் குற்றமாகத் தெரியவில்லை. உள்ளே இருந்த வெளிச்சம் அன்றைய கேமராவுக்குப் போதாது. அதனால் வழக்கத்தைவிடப் பெரிதாக ஒன்றைக் கட்டி ஒரு பக்கத்தை வெட்டிவிட்டார்கள். கட்டிய இன்யூட் மக்களுக்கு அது எதற்கென்று தெரியும். எடுத்த பிலிமை அங்கேயே கழுவி அவர்களுக்குப் போட்டும் காட்டினார் ஃபிளாஹர்ட்டி.

என்னை உறுத்துவது வால்ரஸ் என்ற பெரிய கடல் விலங்கின் வேட்டைதான். படம் எடுத்த இடமான, கனடாவின் கியூபெக் மாகாணத்தின் வடக்குப் பகுதியில் உள்ள இனுக்ஜுவாக்கில் 1920இலேயே துப்பாக்கி சாதாரணம். படத்துக்காக ஈட்டியோடு போனார்கள். குத்துப்பட்ட வால்ரஸ் அவர்களைக் கடலுக்குள் இழுத்தபோது, துப்பாக்கியை எடுக்கச் சொல்லி ஃபிளாஹர்ட்டியைத் திரும்பத் திரும்பக் கூப்பிட்டார்கள். கேமராவின் கைப்பிடியைச் சுற்றுவதிலேயே குறியாக இருந்தேன், புரியாததுபோல் இருந்துவிட்டேன் என்று அவரே எழுதியிருக்கிறார். அதைப் படித்த பிறகு அந்தக் காட்சியை என்னால் ரசிக்க முடிந்ததில்லை.

கிராமபோன் காட்சியும் அப்படித்தான். நானூக்காக வரும் அல்லாகரியல்லாக் இசைத்தட்டைக் கடித்துப் பார்க்கிறார், முதன்முதலாகப் பார்ப்பவர்போல. படத்துக்குப் பணம் போட்டது ரெவியோன் என்ற பிரெஞ்சு ரோமத்தோல் கம்பெனி. அந்த ஊர்க்காரர்கள் நரித்தோலை விற்றுக் கடையில் சாமான் வாங்கிக்கொண்டிருந்தவர்கள். படமோ அந்தக் கடைக்குள் அவரை வியந்து நிற்கும் அந்நியராகக் காட்டுகிறது.

இது வெறும் கலை விவகாரம் இல்லை. இந்த மக்கள் வேட்டையாடி மட்டும் வாழ வேண்டியவர்கள் என்ற எண்ணம் கனடா அரசுக்கும் இருந்தது. 1953இல் இதே இனுக்ஜுவாக்கிலிருந்து சில குடும்பங்களை 2,000 கிலோமீட்டருக்கு வடக்கே, குளிர்காலத்தில் மாதக்கணக்கில் சூரியனே எழாத இடத்துக்குக் கொண்டுபோய் விட்டது. 1955இல் போனவர்களில் ஜோசஃபியும் ஒருவர். படத்தில் நானூக்கின் மனைவி நைலாவாக வந்த பெண்ணுக்கும் ஃபிளாஹர்ட்டிக்கும் பிறந்தவர், தகப்பனைப் பார்க்காமலே வளர்ந்தவர். அரசு மன்னிப்புக் கேட்டது 2010இல்!

படத்தைக் கட்டாயம் காட்டுங்கள். அல்லாகரியல்லாக்கின் முகத்தை மாணவர்கள் பார்க்க வேண்டும். கூடவே கனடாவின் வடக்கே உள்ள இக்லூலிக் என்ற ஊரில் இன்யூட் இயக்குநர் ஸகாரியாஸ் குனுக்கும் நண்பர்களும் 1990இல் தொடங்கிய இசுமா நிறுவனத்தின் 'நுனாவுட்' தொடரையும் காட்டுங்கள். 1940களின் வாழ்க்கையை ஊர்க்காரர்களே நடித்துக் காட்டிய தொடர் அது. வெளியிலிருந்து வந்த பாதிரியாரின் பிரசங்கம்கூட அதில் உண்டு. எதைக் காட்டுவது, எப்படிக் காட்டுவது என்று முடிவு செய்தவர்கள் அவர்கள்தான். இரண்டையும் ஒரே வாரத்தில் போட்டுவிட்டு மாணவர்களைப் பேசவிடுங்கள். என்ன சொன்னார்கள் என்று எனக்கும் எழுதுங்கள்.