மகன் கண்டுபிடிச்சது மகனுக்கா, கம்பெனிக்கா?

கேள்வி: எங்க மகன் கலிபோர்னியாவுல வேலை பாக்குறான். ராத்திரியில வீட்டுல உக்காந்து சொந்தமா ஒரு பேட்டரி சமாச்சாரம் கண்டுபிடிச்சு பேட்டன்ட்டுக்கு, அதான் காப்புரிமைக்கு, எழுதிப் போட்டிருக்கான், இன்னும் வெளியில வரல. இப்ப வேலை குடுத்த கம்பெனிக்காரக அது எங்களோடதுன்னு மாநிலக் கோர்ட்டுல கேஸ் போட்டுட்டாக. பேட்டன்ட்னா ஃபெடரல் கோர்ட்டு, அதாவது மத்திய அரசு கோர்ட்டுதானே, இவுக எப்படி விசாரிக்கலாம்னு அவுக அப்பச்சி கேக்குறாக. கேஸ்னு போனா ரகசியமும் வெளிய போயிருமேன்னு எனக்குப் பயமா இருக்கு.
– ஒரு ஆச்சி, கானாடுகாத்தான்

பதில்: ஐயா கேக்குறதுல ஞாயம் இருக்கு ஆச்சி, பேட்டன்ட் சட்டத்துல பொறக்குற வழக்கு ஃபெடரல் கோர்ட்டுக்கு மட்டும்தான்னு அங்க சட்டமே இருக்கு. ஆனா இங்க சண்டை பேட்டன்ட் செல்லுமா செல்லாதாங்கறதுல இல்ல, சொத்து யாருக்குங்கறதுல. அது வேலைக்குச் சேரும்போது போட்ட கையெழுத்தை வச்சு முடிவாகுறது, ஒப்பந்தம்னா மாநிலச் சட்டம், அதனால மாநிலக் கோர்ட்டு விசாரிக்கலாம். பேட்டன்ட் வழக்கைச் சரியா நடத்தலன்னு வக்கீல் மேல போட்ட ஒரு கேஸ கூட மாநிலக் கோர்ட்டே பாக்கலாம்னு 2013ல அமெரிக்க சுப்ரீம் கோர்ட்டு சொல்லிருச்சு.

நம்ம பக்கத்துலேந்து பர்மாவுக்குப் போனவுக சம்பளச் சீட்டு எழுதிட்டுத்தானே கப்பல் ஏறுனாக, அதே மாதிரிதான், மகன்கிட்ட அந்த ஒப்பந்தத்தை எடுத்து வரி வரியா படிக்கச் சொல்லுங்க. கண்டுபிடிப்பைப் பின்னால 'எழுதித் தர்றேன்'னு வாக்கு மட்டும் இருக்கா, 'இப்பவே எழுதித் தந்துட்டேன்'னு இருக்கா? ஒரு சொல்லுதான் வித்தியாசம், ஆனா 2011ல ஸ்டான்ஃபோர்ட் பல்கலைக்கழகம் ரோஷ்ங்கற மருந்துக் கம்பெனிகிட்ட தோத்ததுக்குப் பின்னாடி இருந்ததும் இதுதான். அதே தீர்ப்புல, சம்பளம் வாங்குறான்ங்கறதுக்காகவே கண்டுபிடிப்பு முதலாளிக்குப் போயிடாது, மொதல்ல கண்டுபிடிச்சவனுக்குத்தான்னும் சொல்லியிருக்காக.

கலிபோர்னியாவுல இன்னொரு பலமும் இருக்கு, தொழிலாளர் சட்டம் 2870ஆவது பிரிவு. சொந்த நேரத்துல, கம்பெனி சாமானையோ ரகசியத்தையோ தொடாம செஞ்சது தொழிலாளிக்கே, அத எழுதி வாங்கியிருந்தாலும் அந்த ஷரத்து செல்லாது. எனக்கு ரொம்பப் பிடிச்ச சட்டம் இது. ஆனா அந்தக் கம்பெனி பேட்டரி தொழில்லயே இருந்தா, இல்ல அவன் அங்க பாத்த வேலையிலேந்து வந்ததா இருந்தா இந்தப் பாதுகாப்பு கெடையாது, உண்மையச் சொல்லணும்ல. ஆபீஸ் லேப்டாப்பைத் தொட்டானான்னு இன்னிக்கே கேளுங்க.

ரகசியத்துக்கு வருவோம். பேட்டன்ட் விண்ணப்பத்தை அங்க சாதாரணமா 18 மாசம் வெளியிட மாட்டாக. ஆனா கோர்ட்டுல குடுக்குற காகிதம் அப்படி இல்ல, யாரும் பாக்கலாம். மூடி வைக்கணும்னா ஜட்ஜ் உத்தரவு வேணும், ரெண்டு பக்கமும் ஒத்துக்கிட்டா மட்டும் போதாது, அதனால வரைபடம் எதையும் தாக்கல் பண்றதுக்கு முன்னாடியே வக்கீல் மனு போடணும். அதுவரைக்கும் அந்த விண்ணப்பத்தைப் போட்டோ எடுத்துக் குடும்ப வாட்ஸப் குரூப்புல போட வேணாம் ஆச்சி, உங்களுக்கே அனுப்பியிருந்தாலும் யாருக்கும் தள்ளி விட்றாதீக.